புரட்சிக் கனவும் அதன் மிச்சமும்: எங்கள் வாசகசாலைக்கு எந்தப் படம்?

பாலக்காடு மாவட்டத்தின் சித்தூர் வட்டத்தில், கொழிஞ்சாம்பாறை தொடங்கி வேலந்தாவளம், கோபாலபுரம் வரையிலான எல்லையோர ஊர்களில், வீட்டில் தமிழும் அரசு அலுவலகத்தில் மலையாளமுமாக வாழ்கிற குடும்பங்கள் ஏராளம். இப்பகுதியின் கிராம வாசகசாலை ஒன்றில் நாங்கள் சிலர் சேர்ந்து ஒரு திரையிடலுக்கு ஏற்பாடு செய்துகொண்டிருக்கிறோம். உலகத்தை மாற்றிவிடலாம் என்று நம்பி வீட்டைவிட்டுப் புறப்பட்ட இளைஞர்களையும், அந்த நம்பிக்கை பின்னாளில் என்ன ஆயிற்று என்பதையும் பேசும் ஓர் அரசியல் படத்தை, கல்லூரியில் படிக்கும் பிள்ளைகளும் விவசாயத் தொழிலாளர் சங்கத்திலேயே தலை நரைத்த பெரியவர்களும் ஒன்றாக உட்கார்ந்து பார்க்க வேண்டும். பார்த்து முடித்ததும் ஒரு மணி நேரமாவது பேச வேண்டும். இதுவரை எல்லோருக்கும் உடன்பாடுதான். எந்தப் படம் என்று கேட்டால் ஆளுக்கொரு பெயர் சொல்கிறார்கள். அப்படிச் சொல்லப்பட்ட படங்களை ஒன்றோடொன்று வைத்துப் பார்த்து, என் முடிவையும் அதற்கான காரணங்களையும் இங்கே எழுதுகிறேன். இதேபோன்ற ஏற்பாட்டில் இருக்கும் வேறு ஊர்க்காரர்களுக்கும் இது உதவலாம்.

பழங்கதை என்று ஒதுக்கிவிட முடியாத விஷயம் இது. 1968 நவம்பரில் தலச்சேரி, புல்பள்ளி காவல் நிலையங்கள் தாக்கப்பட்ட நிகழ்வில் பங்கேற்ற அஜிதாவுக்கு அப்போது வயது 18. 1970இல் எங்கள் மாவட்டத்தின் கொங்காட்டிலேயே ஒரு நிலவுடைமையாளர் நக்சல்பாரி இயக்கத்தினரால் கொல்லப்பட்டார். அதே ஆண்டு பிப்ரவரியில் வயநாட்டின் திருநெல்லிக் காட்டில் நக்சல்பாரித் தலைவர் வர்கீஸ் சுட்டுக் கொல்லப்பட்டார். மோதலில் இறந்ததாக எழுதப்பட்ட அந்த மரணம், மேலதிகாரியின் உத்தரவின்பேரில் நடந்த கொலைதான் என்று, சுட்ட காவலரே 1998இல் வெளிப்படையாகச் சொன்னார். 1976 மார்ச்சில் கோழிக்கோடு வட்டாரப் பொறியியல் கல்லூரி மாணவர் ராஜன் போலீசாரால் பிடித்துச் செல்லப்பட்டு, கக்கயம் முகாமில் சித்திரவதைக்குள்ளாகி இறந்தார். தந்தை ஈச்சர வாரியர் தொடுத்த ஆட்கொணர்வு வழக்கின் விளைவாக 1977 ஏப்ரலில் முதலமைச்சர் கருணாகரன் பதவி விலக நேர்ந்தது. இவ்வளவும் நடந்து அரை நூற்றாண்டு ஆகப்போகிறதே என்று நினைத்தால், 2019 அக்டோபரில் அட்டப்பாடியின் மஞ்சக்கண்டிக் காட்டில் நான்கு மாவோயிஸ்டுகள் போலீஸ் துப்பாக்கிச் சூட்டில் இறந்தார்கள். தமிழ்நாட்டிலிருந்து வந்தவர்களும் அதில் உண்டு. படித்தவர்கள் ஏன் காட்டுக்குப் போனார்கள் என்று எங்கள் பிள்ளைகள் கேட்கிறார்கள். பதில் தெரிந்த பெரியவர்கள் பேச்சை மாற்றிவிடுகிறார்கள். அந்த இரு தரப்பையும் பேசவைப்பதே திரையிடலின் நோக்கம்.

இந்த வகைப் படங்களைப் பற்றி முதலில் எழும் வாதம், படம் புரட்சிக்கு ஆதரவா எதிர்ப்பா என்பதாகவே இருக்கிறது. அந்த வாதம் எங்கள் தேர்வுக்கு உதவவில்லை. படத்தில் வரும் ஏமாற்றம் யாருடைய ஏமாற்றம் என்ற கேள்வியைக் கேட்டுப் பார்த்தால் படங்கள் தெளிவாகப் பிரிந்து நிற்கின்றன. நகரத்திலிருந்து வந்த இளைஞன் மனமுடைந்து திரும்பிப் போவதைச் சொல்லும் படங்கள் உண்டு. அவன் யாருக்காக வந்தானோ அவர்களுக்கு அவன் வந்ததாலும் போனதாலும் என்ன நேர்ந்தது என்று பார்க்கும் படங்களும் உண்டு. எங்கள் பார்வையாளர்கள் இரண்டாவது தரப்பைச் சேர்ந்தவர்கள். அவர்களுடைய வீடுகள் பலவும் நிற்பது, 1970 ஜனவரி 1 முதல் நடைமுறைக்கு வந்த நிலச்சீர்திருத்தத் திருத்தச் சட்டத்தின்படி குடிகிடப்புக்காரருக்கு, அதாவது பிறர் நிலத்தில் குடிசை போட்டு வாழ்ந்தவருக்கு, பஞ்சாயத்துப் பகுதியில் கிடைத்த பத்து சென்ட் நிலத்தில். நிலத்துக்காரர் இறங்கு என்று சொன்னால் இரவோடு இரவாகச் சட்டி பானையைத் தூக்கிக்கொண்டு இறங்க வேண்டியிருந்த காலத்தை நேரில் அறிந்தவர்களுக்கு, போராட்டம் என்பது எதையும் தராமல் போன ஒன்றல்ல. அதே மனிதர்கள் பிற்காலத்துச் சங்க அலுவலகத்தையும் கட்சிப் பிளவுகளையும் பற்றிப் பேசும்போது குரலில் கசப்பு தெரியும். பெற்றதும் இழந்ததும் ஒரே ஆளுக்குள் இருக்கின்றன. எல்லாம் வீண் என்று மட்டும் சொல்லும் படமும், எல்லாம் வீரம் என்று மட்டும் சொல்லும் படமும் இவர்கள் முன்னால் பொய்யாகிவிடும்.

மாணவர்கள் தரப்பிலிருந்து முதலில் வந்த பெயர் சுதிர் மிஸ்ராவின் இந்திப் படமான ‘ஹஜாரோன் க்வாஹிஷேன் ஐஸி’. 2005இல் திரையரங்குகளுக்கு வந்த இப்படம் 1969இல் ஒரு டெல்லிக் கல்லூரியில் தொடங்கி அவசரநிலைக் காலம் வரை செல்கிறது. ஓய்வுபெற்ற நீதிபதியின் மகன் சித்தார்த் நக்சல்பாரி அரசியலால் ஈர்க்கப்பட்டுப் பிகாரின் போஜ்பூருக்குப் போகிறான். அவனைக் காதலிக்கும் கீதா ஓர் ஐ.ஏ.எஸ். அதிகாரியை மணந்து, பிறகு அந்த வாழ்க்கையை விட்டுவிட்டு அதே கிராமத்துக்குப் போய்ச் சேர்கிறாள். கீதாவைக் காதலிக்கும் விக்ரம், காந்தியவாதியின் மகன், அதிகாரத்தின் தாழ்வாரங்களில் காரியம் முடித்துத் தரும் ஆளாக உயர்கிறான். கே கே மேனன், சித்ராங்கதா சிங், ஷைனி அகுஜா ஆகிய மூவரும் அந்தப் பாத்திரங்களை நடிப்பென்று தோன்றாதபடி செய்திருக்கிறார்கள்.

இப்படத்தில் ஒரு காட்சியை நான் மறக்கவே மாட்டேன். நிலப்பிரபுவின் வீட்டுக்கு எதிராகக் கோபத்தோடு திரண்டு வந்த ஒடுக்கப்பட்ட சாதி மக்கள், அந்த நிலப்பிரபுவுக்கு மாரடைப்பு வந்து அவர் துடிப்பதைக் கண்டதும் பதறிப்போய் மருத்துவரைக் கூப்பிடச் சொல்கிறார்கள். சித்தார்த் இதைப் பார்த்துத் திகைக்கிறான். அவன் படித்த புத்தகங்களில் இந்தப் பதற்றத்துக்கு இடமே இல்லை. அது அடிமைப் புத்தியா, மனிதத் தன்மையா, இரண்டும் கலந்ததா என்று எங்கள் ஊரில் கேட்டால் ஒரு மணி நேரம் போதாது. பண்ணையார் வீட்டுச் சாவுக்கு முதல் ஆளாக ஓடிய தந்தைமார்களை எங்கள் பெரியவர்கள் அறிவார்கள்.

ஆனால் அந்தக் காட்சி முடிந்ததும் படம் அந்த மக்களை விட்டுவிட்டு மறுபடி மூவரிடம் வந்துவிடுகிறது. கிராமத்தார் முகங்களாக வருகிறார்கள், பெயர்களாக நிற்பதில்லை. அவசரநிலையின்போது சித்தார்த்தைக் காப்பாற்றப் போன விக்ரம் போலீசாரிடம் சிக்கி மூளை பாதிக்கப்படுமளவு அடிபடுகிறான். சித்தார்த் மருத்துவம் படிக்க லண்டனுக்குப் போய்விடுகிறான். கீதா மட்டும் சிதைந்துபோன விக்ரமோடு அந்தக் கிராமத்திலேயே தங்குகிறாள். போனவனைப் படம் பழிக்கவில்லை, தங்கியவளைப் போற்றிப் பாடவும் இல்லை. அந்த நிதானம்தான் படத்தின் பெருமை. கொள்கையைப் பற்றி ஓயாமல் பேசியவன் போய்விட, பேசாதவள் தங்கிவிடுவதைக் காண்கிற எங்கள் மாணவிகளுக்குச் சொல்வதற்கு நிறைய இருக்கும்.

பிளாச்சிமடையை அருகிலிருந்து பார்த்தவர்களுக்கு இது இன்னும் நெருக்கமாகப் படும். பெருமாட்டிப் பஞ்சாயத்தில் கோகோ கோலா ஆலைக்கு எதிரான போராட்டம் 2002 ஏப்ரல் 22இல் தொடங்கியபோதும், 2004 மார்ச்சில் ஆலை நின்றபோதும், வெளியூர்களிலிருந்தும் வெளிநாடுகளிலிருந்தும் ஆர்வலர்கள் வந்தார்கள், பேசினார்கள், படம் எடுத்தார்கள், திரும்பினார்கள். அவர்களின் ஆதரவு பெரிய பலம்தான். ஆனால் போராட்டத்தின் முன்னணியில் நின்ற, இரவாளர் பழங்குடியைச் சேர்ந்த மயிலம்மா போராட்டப் பந்தலை விட்டு எங்கே போயிருக்க முடியும்? கெட்டுப்போன கிணறு அவர் வீட்டருகில் அல்லவா இருந்தது! 2007இல் அவர் மறைந்தார். இழப்பீட்டுக்காகக் கேரளச் சட்டமன்றம் 2011இல் நிறைவேற்றிய தீர்ப்பாய மசோதா சட்டமாகவே ஆகவில்லை. போராட்டக்காரர்களில் வந்து போகிறவர்கள், தங்குகிறவர்கள் என்ற வேறுபாட்டை எங்கள் மக்களுக்குப் படம் பார்த்துத்தான் தெரிந்துகொள்ள வேண்டும் என்பதில்லை. அதைப் பேச ஒரு தொடக்கம் வேண்டும். ‘ஹஜாரோன்’ அதைத் தரும். மொழிதான் பெரிய தடை. இந்தியும் ஆங்கிலமும் கலந்து ஓடும் கடிதங்கள் வழியாகவே பாதிக் கதை நகர்கிறது. வசன வரிகளைப் படிக்கும் வேகம் எங்கள் பெரியவர்களிடம் எதிர்பார்க்கக் கூடியதல்ல. காதல் காட்சிகளும் காவல்துறை வன்முறையும் இருப்பதால், பேத்தியை அருகில் உட்கார வைத்துக்கொண்டு பார்க்கும் தாத்தா தலையைக் குனிந்துகொள்வார். அதன்பின் அவரிடம் கருத்துக் கேட்பதும் சரியாக இருக்காது.

மிருணாள் சென்னின் ‘பதாதிக்’ 1973இல் வந்த வங்காளப் படம். போலீஸ் வண்டியிலிருந்து தப்பிய ஓர் இளைஞன் கல்கத்தாவில் தனியாக வாழும் ஒரு பெண்ணின் அடுக்ககத்தில் ஒளிந்திருக்கிறான். ஒளிந்திருக்கும் அந்த நாட்களில் தன் தலைமையைப் பற்றிக் கேள்வி கேட்கத் தொடங்குகிறான். இயக்கம் சூடாக இருந்த காலத்திலேயே, இயக்கத்தின் பக்கம் நின்றுகொண்டே இந்தக் கேள்விகளை எழுப்பியதற்கு எவ்வளவு துணிச்சல் வேண்டியிருந்திருக்கும் என்று எண்ணிப் பார்க்கிறேன். விடுதலைப் போராட்டக் காலத்து மனிதரான தந்தை, வேலைநிறுத்தம் செய்ய மாட்டேன் என்று எழுதிக் கொடுக்கும் தாளில் தான் கையெழுத்துப் போடவில்லை என்று மகனிடம் சொல்லும் இறுதிப் பகுதி, இந்த வகைப் படங்களிலேயே மிக உயர்ந்த தருணங்களில் ஒன்று. ஆயினும் படத்தின் பெரும்பகுதி நான்கு சுவர்களுக்குள் நடக்கும் விவாதம். வங்காள இயக்கத்தின் உட்கட்சிச் சச்சரவுகளை அறியாதவர்களுக்கு அது எட்டாது. வாசகசாலையின் வாசிப்பு வட்டம் தனியாகப் பார்க்க வேண்டிய படம் என்று ஒதுக்கி வைக்கிறேன்.

வேணு உடுகுலா இயக்கிய தெலுங்குப் படம் ‘விராட பர்வம்’ 2022 ஜூனில் வெளியானது. சாய் பல்லவி நடித்திருக்கிறார் என்பதே எங்கள் பிள்ளைகள் இதைக் கேட்பதற்குப் பாதிக் காரணம், அதில் தவறேதும் இல்லை. 1990களின் தெலங்கானாவில், ஒரு மாவோயிஸ்டுத் தலைவரின் கவிதைகளைப் படித்து மனத்தைப் பறிகொடுத்த வெண்ணிலா, வீட்டைவிட்டு அவரைத் தேடிப் போய் இயக்கத்தில் சேர்கிறாள்; இறுதியில் உளவாளி என்ற ஐயத்தில் சொந்தத் தோழர்களாலேயே கொல்லப்படுகிறாள். உண்மையாக நடந்த ஒரு கொலையைத் தழுவிய கதை இது. இயக்கத்துக்கு உள்ளே சந்தேகம் எப்படி ஆளைத் தின்னும் என்பதை வெகுஜனப் படமொன்று சொல்ல முன்வந்தது பாராட்டுக்குரியது. எனக்குள்ள குறை, படம் வெண்ணிலாவின் காதலை மீராவின் பக்தியாகவே உருவகித்துவிடுகிறது என்பதில்தான். அவள் அரசியலாக என்ன நம்பினாள் என்று கேட்டால் படத்திடம் தெளிவான விடையில்லை. கொன்றவர்கள் ஏன் அவ்வளவு எளிதாக நம்பினார்கள் என்பதும் அவசரமாகக் கடந்துபோகிறது. படம் முடிந்ததும் கண்கள் கலங்கும். ஆனால் வீட்டுக்குப் போய்விடத்தான் தோன்றும், பேசத் தோன்றாது.

தமிழிலேயே ஒரு படம் போடலாமே என்று கேட்டவர்களும் உண்டு. வெற்றிமாறனின் ‘விடுதலை’ இரு பாகங்களும் 2023, 2024 ஆண்டுகளில்தான் வந்தன; ஊரில் பார்க்காதவர்கள் குறைவு. அங்கே நம்பிக்கை உடைவது புரட்சிக்காரருக்கு அல்ல, காவல் பணியில் புதிதாகச் சேர்ந்த குமரேசனுக்கு. நல்ல கோணம்தான், ஆனால் எங்கள் கேள்வி வேறு. 1983இல் ஸ்ரீதர் ராஜன் எடுத்த ‘கண் சிவந்தால் மண் சிவக்கும்’, கீழ்வெண்மணியை அடியொற்றிய இந்திரா பார்த்தசாரதியின் ‘குருதிப்புனல்’ நாவலிலிருந்து பிறந்தது. நல்ல பிரதி கைக்கு வந்தால் அதற்கென்றே ஒரு மாலையை ஒதுக்க வேண்டும். மலையாளத்தில் மதுபால் இயக்கிய ‘தலப்பாவு’, 2008இல், சுட்ட காவலரின் குற்றவுணர்விலிருந்து வர்கீஸ் கொலையை நினைவுபடுத்தியது. லாலின் நடிப்புக்காகவே பார்க்கலாம். அப்படம் வந்து இரண்டு ஆண்டுகள் கழித்து, 2010இல், அவ்வழக்கில் ஓய்வுபெற்ற உயர் போலீஸ் அதிகாரி ஒருவருக்கு ஆயுள் தண்டனை விதிக்கப்பட்டது. இருந்தாலும் அங்கும் புரட்சிக்காரர் ஒளிவட்டத்தோடு நிற்கிறார், கேள்வி கேட்க இடமில்லை. மகனுக்காகப் பேருந்து நிறுத்தத்தில் காத்திருக்கும் தந்தையைக் காட்டும் ஷாஜி என். கருணின் ‘பிறவி’ இந்தப் பட்டியலில் சேராது. அது துக்கத்தின் படம், கொள்கையின் படம் அல்ல.

இனி மீதமிருப்பவை இரண்டு. இரண்டும் மலையாளம், இரண்டும் 1980களின் நடுப்பகுதியில் வந்தவை, ஒன்றுக்கொன்று நேர் எதிரான வழிகளில் உருவானவை. ஜான் ஆபிரகாமின் ‘அம்ம அறியான்’ 1986இல் ஒடேசா கூட்டமைப்பின் பெயரில் வந்தது. ஊர் ஊராகப் படம் காட்டியும் தெருநாடகம் போட்டும் மக்களிடம் சிறுசிறு தொகையாகத் திரட்டிய பணத்தில் எடுத்த படம். அடூர் கோபாலகிருஷ்ணனின் ‘முகாமுகம்’ 1984இல் வந்தது. அதைத் தயாரித்தவர் கொல்லத்தின் முந்திரித் தொழிலதிபர் ரவீந்திரநாதன் நாயர். தொழிற்சங்கத் தலைவர் ஒருவரைப் பற்றிய படத்துக்கு ஆலை முதலாளி ஒருவர் பணம் போட்டார் என்பதை வைத்தே அதன் அரசியலை முடிவுகட்டியவர்கள் உண்டு. நான் அப்படிச் செய்ய மாட்டேன். அந்தத் தயாரிப்பாளர் இல்லாவிட்டால் மலையாளத்தின் பல சிறந்த படங்கள் பிறந்தே இருக்காது.

‘அம்ம அறியான்’ என் மனத்துக்கு மிக நெருக்கமான படம் என்பதை மறைக்கத் தேவையில்லை. டெல்லிக்குப் புறப்படும் புருஷன், அடிக்கடி எழுதுவதாகத் தாய்க்கு வாக்குக் கொடுத்துவிட்டு வயநாட்டிலிருந்து கிளம்புகிறான். வழியில் தூக்கில் தொங்கி இறந்த ஓர் இளைஞனின் உடலைக் காண்கிறான். எங்கோ பார்த்த முகமாக இருக்கிறது. அது தபேலாக் கலைஞனும் பழைய தோழனுமான ஹரி என்று தெரிந்ததும், பயணத்தைக் கைவிட்டு, கொச்சியில் இருக்கும் அவனுடைய தாய்க்குச் செய்தி சொல்லப் புறப்படுகிறான். வழிநெடுக நண்பர்கள் ஒவ்வொருவராகச் சேர்ந்துகொள்கிறார்கள். ஒவ்வொரு வீட்டிலும் ஒரு தாய் வாசலுக்கு வருகிறாள். எங்கே போகிறாய், எப்போது வருவாய் என்று கேட்கிறாள். நடக்கிறவர்களின் எண்ணிக்கை கூடக்கூட, அவர்கள் சுமந்து செல்லும் செய்தி கனத்துக்கொண்டே போகிறது. இயக்கம் உள்ளே உடைந்து தனிமனிதர்களாகச் சிதறியவர்களை, ஒரு சாவு மறுபடி ஒன்றாக நடக்க வைக்கிறது. புரட்சியாளனின் சாவுச் செய்தியை முதலில் தாய்க்குச் சொல்ல வேண்டும் என்று நினைத்த ஒரு படத்தை இந்திய சினிமாவில் வேறெங்கும் நான் கண்டதில்லை.

மக்கள் காசில், மக்களுக்காகவே எடுத்த படம் கிராமத்துக்குப் புரியாது என்று சொல்லும் உரிமை யாருக்கும் இல்லை. என் தயக்கம் அதுவல்ல. படம் பல போராட்டக் களங்களின் ஆவணப் பதிவுகளைக் கதைக்குள் கலந்து செல்கிறது. அந்தக் காலத்துக் கேரளத்தின் செய்திகள் மனத்தில் பச்சையாக இருந்தவர்களுக்கு அவை ஒவ்வொன்றும் உடனே பேசியிருக்கும். இன்றைய 19 வயதுப் பிள்ளைக்கு ஒவ்வொரு களத்துக்கும் விளக்கம் சொல்ல வேண்டியிருக்கும். விளக்கம் சொல்லிச் சொல்லிப் படத்தின் நடை அறுந்துவிடும். இன்னொன்றும் உண்டு. இதில் ஏமாற்றம் ஏற்கெனவே நடந்து முடிந்துவிட்டது. நம்பிக்கை எப்படி இருந்தது, எங்கே கீறல் விழுந்தது என்பதை நாம் பார்ப்பதில்லை. அதை அறிந்தவர்களுக்கு இப்படம் இடியாக இறங்கும். அறியாதவர்களுக்கு ஓர் அழகான, நீண்ட இழவுப் பயணமாகத் தோன்றக்கூடும். முதல் படமாக இதை வைக்காமல் கடைசியில் வைக்க விரும்புவது இதனால்தான்.

‘முகாமுகம்’ ஓர் ஓட்டுக் கம்பெனியில் தொடங்குகிறது. இங்குள்ள வீடுகளின் கூரையில் இன்றும் இருக்கும் அதே சீமை ஓடு. தொழிலாளர்களின் தலைவர் ஸ்ரீதரனை நாம் நேராகச் சந்திப்பதைவிட, மற்றவர்கள் அவரைப் பற்றிச் சொல்வதன் வழியாகவே அறிகிறோம்; ஆளுக்கொரு நினைவு, எல்லாம் சேர்ந்து ஒரு பெருமனிதர். கம்பெனி முதலாளி கொலையாகிறார், பழி ஸ்ரீதரன்மேல் விழுகிறது, அவர் தலைமறைவாகிறார். இறந்துவிட்டதாக ஊர் நம்புகிறது, புகழ் வளர்கிறது. கம்யூனிஸ்ட் கட்சி 1964இல் இரண்டாகப் பிளந்த பிறகு, ஒரு நாள் அவர் திரும்பி வருகிறார்.

வந்தவர் பேசுவதில்லை. தூங்குகிறார், குடிக்கிறார், மறுபடி தூங்குகிறார். பழைய தோழர்கள் வருகிறார்கள், இரண்டு கட்சிக்காரர்களும் தனித்தனியே வருகிறார்கள், சிறுவயதில் அவரை வியந்து பார்த்து வளர்ந்தவன் இளைஞனாக வந்து அவர் முன் நிற்கிறான். எல்லோருக்கும் அவரிடம் ஒரு சொல் வேண்டும். அவர் புரண்டு படுத்துக்கொள்கிறார். கவியூர் பொன்னம்மா நடித்த மனைவி, இத்தனை ஆண்டு காத்திருந்ததற்குப் பின் கிடைத்தது இதுதானா என்று வாய்விட்டுக் கேட்காமலேயே அந்த வீட்டுக்குள் நடமாடுகிறார். இறுதியில் ஸ்ரீதரன் கொலையுண்டு கிடக்கிறார். உயிரோடிருந்தபோது அவரைச் சங்கடமாகக் கருதிய இரு கட்சிகளும் ஒன்றாகச் சேர்ந்து தியாகியாக அவரைக் கொண்டாடுகின்றன. திரும்பி வந்தது உண்மையிலேயே அவர்தானா, அல்லது அவர் திரும்ப வேண்டும் என்ற ஊரின் ஏக்கமா என்ற ஐயத்துக்கும் படம் இடம் வைத்திருக்கிறது என்றே நான் வாசிக்கிறேன்.

நான் இதைத் தேர்வதற்கு முதல் காரணம், இதில் ஏமாற்றம் தலைவருடையது அல்ல என்பது. ஸ்ரீதரனுக்குள் என்ன உடைந்தது என்று படம் சொல்வதே இல்லை. உடைவதெல்லாம் அவரை நம்பியவர்களிடம். ‘ஹஜாரோன்’ படத்தில் கிராமத்தார் பின்னணியில் நிற்க, கல்லூரியில் படித்த மூவரின் மனம் முன்னால் நிற்கிறது. இங்கே தலைவர் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்திருக்க, ஓட்டுக் கம்பெனித் தொழிலாளியின் முகம் முன்னால் இருக்கிறது. நீங்கள் நம்பியது அந்த மனிதரையா, அவர் சொன்ன கொள்கையையா, உங்களுக்குத் தேவைப்பட்ட ஒரு பிம்பத்தையா என்று படம் அந்த முகங்களைக் கேட்கிறது. எங்கள் மாணவர்களுக்கும் இக்கேள்வி பொருந்தும். தலைவர் படத்தைக் கைப்பேசியின் முகப்பில் வைத்திருப்பவர்கள் எல்லாக் கட்சியிலும் இருக்கிறார்கள்.

இரண்டாவது காரணம் மிக எளியது. கள் இறக்குவது தொழிலாகவும் கள்ளுக்கடை சாலைதோறுமாகவும் உள்ள வட்டம் இது. ஒரு காலத்தில் மேடையில் கர்ஜித்தவர் பிற்காலத்தில் திண்ணையில் போதையில் கிடப்பதை எங்கள் ஊர்களில் பலரும் கண்டிருக்கிறார்கள். அதைப் பற்றிப் பொதுவில் பேச வாய்ப்பே இருந்ததில்லை, குறிப்பாகப் பெண்களுக்கு.

மொழியும் ஒத்துவருகிறது. வசனம் குறைவு, பேசுவதும் நிதானம். சித்தூரின் தமிழ்க் குடும்பங்களுக்கு வசன வரி வேண்டியதில்லை. இடதுசாரி இயக்கத்தோடு நெருங்கி இருந்தவரும் சென்னை இளைஞர் சேர்ந்திசைக் குழுவை உருவாக்கியவருமான எம். பி. சீனிவாசன் இசையமைத்திருப்பது, தமிழரான எங்களுக்குக் கூடுதல் நெருக்கம் தருகிறது. 1984ஆம் ஆண்டின் சிறந்த இயக்குநருக்கான தேசிய விருதை இப்படத்துக்காக அடூர் பெற்றார் என்பதை அழைப்பிதழில் போடலாம்.

குறை இல்லாத தேர்வல்ல. படம் வந்தபோதே கேரள இடதுசாரிகள் பலர் இதைக் கம்யூனிச எதிர்ப்புப் படம் என்று கடுமையாகச் சாடினார்கள். அந்தச் சாடல் முழுக்க நியாயம் என்று நான் கருதவில்லை, முழுக்க அநியாயம் என்றும் சொல்ல மாட்டேன். ஸ்ரீதரன் மறைந்திருந்த ஆண்டுகளில் என்னென்ன நடந்தன! 1957இல் இ.எம்.எஸ். தலைமையில் ஆட்சி வந்தது. நிலச் சட்டமும் கல்விச் சட்டமும் வந்தன. 1959இல் அந்த ஆட்சி கலைக்கப்பட்டது. தொழிலாளிக்குக் கிடைத்தவையும் கிடைக்காமல் பறிபோனவையும் அந்த இடைவெளியில்தான் இருக்கின்றன. படம் அதைத் தாண்டிக் குதித்துவிடுகிறது. பத்து சென்ட்டில் வீடு கட்டியவர் அந்த இடைவெளியைக் கவனிக்காமல் இருக்க மாட்டார், கோபப்படவும் கூடும். அந்தக் கோபம் அரங்கில் எழட்டும் என்றே விரும்புகிறேன். படம் விட்டுவிட்டதை எழுந்து நின்று சொல்லக் கூடியவர்கள் அதே அறையில் இருக்கிறார்கள் என்பது, நகரத்துத் திரைப்படச் சங்கங்களுக்கு வாய்க்காத வசதி.

ஆகவே என் பரிந்துரை இது. பொதுத் திரையிடலுக்கு ‘முகாமுகம்’. அதையடுத்து, கல்லூரியில் மாணவர்களுக்கு மட்டும், தமிழில் கதைச்சுருக்கமும் முக்கியமான கடிதங்களின் மொழிபெயர்ப்பும் அச்சிட்டுக் கொடுத்து ‘ஹஜாரோன்’. தணிக்கைச் சான்றிதழில் உள்ள வயது வரம்பை முன்கூட்டியே பார்த்துக்கொள்ள வேண்டும். இவ்விரண்டையும் பார்த்தவர்கள் சேர்ந்து ‘அம்ம அறியான்’ பார்க்கலாம். அப்போது அந்தப் பயணத்தில் யார் யார் நடக்கிறார்கள் என்பது அவர்களுக்கே விளங்கும். பொதுவில் காட்டுவதற்கு உரிமையாளரின் எழுத்துமூல அனுமதியை ஒவ்வொரு படத்துக்கும் தனித்தனியே பெற வேண்டும். இணையத்தில் கிடைக்கிறது என்பதற்காக அப்படியே ஓட்டக் கூடாது. நல்ல பிரதிக்குத் தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகத்திடமும் கேரள அரசின் திரைப்பட அகாதெமியிடமும் எழுதிக் கேட்கலாம்.

அன்றைய உரையாடலைப் பற்றி ஒன்றை மட்டும் இப்போதே முடிவு செய்துவிட வேண்டும். சிறப்பு விருந்தினர் என்று யாரையும் வெளியிலிருந்து அழைத்து முதலில் பேசவைக்கக் கூடாது. சினிமா தெரிந்தவர் பேசிவிட்டால் மற்றவர்கள் வாயை மூடிக்கொள்வார்கள். படம் முடிந்து விளக்குப் போட்டதும் பத்து நிமிடம் தேநீருக்கு விட்டு, அதன்பின் சங்கத்தின் மூத்தவர்களில் ஒருவரையும், அவரைப் போன்ற ஒருவரின் மனைவியாக வாழ்ந்த ஓர் அம்மாவையும் முதலில் பேசச் சொல்ல வேண்டும். அவர்களிடம் முன்னமே போய், படத்தில் தலைவர் எப்படிக் காட்டப்படுகிறார் என்பதைச் சொல்லி, விருப்பமிருந்தால் மட்டும் பேசலாம் என்று கேட்டு வைத்தால் நல்லது. மாணவர்கள் அவர்களிடம் கேள்வி கேட்கட்டும். அந்தக் காலத்தில் எதை நம்பினீர்கள், எதற்காக ஊர்வலத்தில் நடந்தீர்கள், கிடைத்தது எது, யார் உங்களைக் கைவிட்டார்கள் என்பவை அவர்களே கேட்க வேண்டிய கேள்விகள். வாசகசாலைச் செயற்குழு இதற்கு ஒப்புக்கொண்டால், படத்துக்கான அனுமதிக் கடிதத்தை எழுதும் பொறுப்பை நான் ஏற்றுக்கொள்கிறேன்.